கள்ளிப் பிள்ளை: வாசகர் கேள்வி – பதில்

(இந்த இதழில் பதில் எழுதுகிறவர் இரணியல் பக்கத்துக்காரர். முகூர்த்த நாட்களில் கல்யாண வீடியோ எடுப்பார். மற்ற நாட்களில் நாட்டார் கதைகளையும் கொடைச் சடங்குகளையும் (கொடை என்றால் ஊர்த் தெய்வக் கோயில் திருவிழா) வைத்துப் பரிசோதனைப் படங்கள் எடுக்கிறார், நிகழ்த்துகலை செய்கிறார். பெயர் போடக் கூடாது என்பது அவர் வைத்த ஒரே நிபந்தனை.)

கேள்வி: போன மாசி மாதம் வடசேரி பஸ் ஸ்டாண்டில் என் அம்மாவிடம் ஒரு துணிப்பொதியைக் கொடுத்து, "பிள்ளையக் கொஞ்சம் பிடியுங்கம்மா, டிக்கெட் எடுத்துட்டு வாறேன்" என்று சொல்லிவிட்டுப் போனது நீங்கள்தானே? பிரித்துப் பார்த்தால் உள்ளே கள்ளிக்கொம்பு! அம்மா இரண்டு நாள் தூங்கவில்லை. இது கலையா, யூடியூப் பிராங்கா?
– தோவாளையிலிருந்து ஒரு மகன்

நான்தான். முதலில் அம்மாவிடம் என் மன்னிப்பைச் சொல்லுங்கள். அவர் தூங்கவில்லை என்பது இப்போதுதான் எனக்குத் தெரியும்.

அவரை நன்றாக ஞாபகம் இருக்கிறது. காலடியில் பிச்சிப்பூக் கூடை, வாயில் வெற்றிலை. பொதியின் எந்த முனை தலை, எந்த முனை கால் என்று நான் சொல்லவில்லை. அவரே ஒரு முனையை முழங்கை மடிப்பில் வைத்துக்கொண்டார். இன்னொரு கை தானாகப் பொதிக்கு அடியில் போனது. நான் பார்க்க நினைத்தது அவ்வளவுதான். அன்று 17 பேரிடம் கொடுத்தேன். மூன்று பேர் வாங்க மறுத்தார்கள். மற்ற 14 பேரும் ஒரு முனையைத் தலையாக்கிக்கொண்டார்கள். அதில் ஒருவர் கண்டக்டர்; டிக்கெட் மெஷினைத் தோளுக்குத் தள்ளிவிட்டு வாங்கினார்.

பிராங்க் என்றால் எங்காவது ஒரு கேமரா ஒளிந்திருக்கும், அதற்குப் பின்னால் ஒருவர் சிரித்துக்கொண்டிருப்பார். எனக்கு அன்று கேமராவே இல்லை. ஐந்தடி தள்ளித்தான் நின்றேன். உங்கள் அம்மா சேலையை விலக்கியதும் ஓடி வந்து கதையைச் சொன்னேன். "சவமே, பிள்ளைன்னு சொன்னா பிள்ளையா இருக்கணும் கேட்டியா" என்று திட்டினார். ஆனால் பொதியைக் கீழே போடவில்லை. என் கையில்தான் திருப்பித் தந்தார்.

அந்தக் கதை உங்களுக்கும் தெரிந்திருக்கும். ஆரல்வாய்மொழிக் கணவாயில் காற்றாலைகளுக்கு நடுவே இருக்கிற முப்பந்தல் இசக்கியம்மன் கதை. நான் கேட்டு வளர்ந்தபடி, நம்பியவன் கையாலேயே கள்ளிக்காட்டில் கல்லால் அடிபட்டுச் சாகிறாள் ஒருத்தி. மறுபிறப்பில் நீலியாக வருகிறாள். கொன்றவனும் செட்டியாகப் பிறந்து அதே வழியில் வருகிறான். ஒரு கள்ளிக்கொப்பை ஒடித்துப் பிள்ளையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, "இவன் என் புருஷன், இது இவன் பிள்ளை" என்று ஊர்ப் பெரியவர்களிடம் போகிறாள். கள்ளிப் பிள்ளை செட்டியிடம் தாவுகிறது. சபை அவளை நம்பிவிடுகிறது. ராத்திரி பழி தீர்கிறது.

வில்லுப்பாட்டில் எல்லோரும் நீலியின் கோபத்தைத்தான் பாடுவார்கள். எனக்குச் சின்ன வயதிலிருந்தே ஒரு சந்தேகம்: வேலை முடிந்த பிறகு அந்தப் பிள்ளை என்ன ஆச்சு? தாத்தா ஒரு வில்லுக் குழுவில் குடம் அடித்தவர். அவரிடம் கேட்டேன். "கள்ளிதானே மக்களே, மண்ணுல கெடந்தா முளைச்சிரும்" என்றார்.

கள்ளிக்கொம்பு, என் அம்மாவின் பழைய சேலை ஒன்று. அம்மா அண்டி ஆபீசில் (முந்திரிக்கொட்டைத் தொழிற்சாலை) வேலை பார்த்தவள், அந்தச் சேலையில் அண்டிப்பால் கறை இன்னும் போகவில்லை. இவ்வளவுதான் என் பொருட்கள். முதல் தடவை புத்தியில்லாமல் பச்சைக் கொம்பை அப்படியே சுற்றினேன். பால் வடிந்து என் கண்ணில் பட்டுவிட்டது. ஆஸ்பத்திரியில் கண்ணைக் கழுவிக் கழுவி ஊற்றினார்கள். "கள்ளிப்பால் எப்படிப் பட்டது?" என்று டாக்டர் கேட்டார். யோசிக்காமல், "பிள்ளையைத் தூக்கும்போது" என்று சொல்லிவிட்டேன். நர்ஸ் என்னைப் பார்த்த பார்வை! கள்ளிப்பால், பிள்ளை என்ற இரண்டு வார்த்தையும் சேர்ந்தால் தமிழ்நாட்டில் வேறு ஞாபகம் வரும் என்பது அப்போதுதான் உறைத்தது. அதற்குப் பிறகு கொம்பைப் பத்து நாள் காயப்போட்டு, வெட்டுவாயில் மெழுகு உருக்கி ஊற்றி, ஓலைப்பாயில் சுருட்டி, அதன் மேல்தான் சேலை. உங்கள் அம்மா கையிலிருந்தது அப்படிப்பட்டதுதான், பயப்பட வேண்டாம்.

அந்தக் கொம்பைக் கிணற்றடியில் நட்டேன். தாத்தா சொன்னதுபோல முளைத்திருக்கிறது. உங்கள் அம்மா பார்க்க விரும்பினால் கூட்டிவாருங்கள், சாயா குடித்துவிட்டுப் போகலாம்.

கேள்வி: பரிசோதனைப் படம் என்கிறார்கள். கதை இல்லை, வசனம் இல்லை, ஆள் கூட இல்லை. எதற்கு எடுக்க வேண்டும்? நாங்கள் எதற்குப் பார்க்க வேண்டும்?
– மார்த்தாண்டத்திலிருந்து ஒரு கல்லூரி மாணவி

பார்க்க வேண்டும் என்று ஒரு கட்டாயமும் இல்லை. நானே பல பரிசோதனைப் படங்களில் தூங்கியிருக்கிறேன்.

உங்கள் ஊர் வழியாகவே ஒரு உதாரணம் சொல்கிறேன். சிவராத்திரிக்கு நம் பக்கத்தில் சிவாலய ஓட்டம் நடக்கிறது. முஞ்சிறை திருமலையில் தொடங்கித் திக்குறிச்சி, திற்பரப்பு என்று போய்த் திருநட்டாலத்தில் முடியும். 12 கோயில்கள், 100 கிலோமீட்டருக்கு மேல். காவி உடுத்து, கையில் பனைவிசிறியோடு ஓடுவார்கள். போவது சிவன் கோயிலுக்கு. வாயில் "கோவிந்தா, கோபாலா". அதற்கும் கதை உண்டு. பாதி மனிதனும் பாதி மிருகமுமான புருஷாமிருகம் பெரிய சிவபக்தன், அதன் காதில் விஷ்ணு பெயர் விழக் கூடாது. பீமன் அதன் எதிரில் போய் கோவிந்தா என்று கத்துகிறான், அது துரத்துகிறது. பிடிபடப் போகும்போது கையிலிருக்கும் 12 ருத்திராட்சத்தில் ஒன்றைக் கீழே போடுகிறான். விழுந்த இடத்தில் சிவலிங்கம் முளைக்கிறது. மிருகம் நின்று பூசை செய்கிறது, பீமன் தப்பி ஓடுகிறான். இப்படி 12 தடவை.

இதைப் படமாக எடுக்கச் சொன்னால் பெரும்பாலும் என்ன செய்வார்கள்? டிரோன் விடுவார்கள், வயலின் போடுவார்கள், ஒரு பெரியவரைப் பேட்டி எடுப்பார்கள். நானும் ஒருமுறை அப்படி எடுத்துக் கொடுத்துக் காசு வாங்கியிருக்கிறேன். அப்புறம் சொந்தமாக ஒன்று எடுத்தேன். ருத்திராட்சத்துக்குப் பதில் போன். ஒவ்வொரு கோயில் நடையிலும் போனைத் தரையில் வைப்பேன், பக்கத்தில் உட்காருவேன், என் மூச்சு அடங்கும்வரை ஓடவிட்டு எடுத்துக்கொள்வேன். நான் ஓடவில்லை, வேகமாக நடந்தேன். அதற்கே நாக்கு தள்ளிவிட்டது. மொத்தம் 12 ஷாட். திருமலையில் ஒன்றேகால் நிமிஷம். திருநட்டாலத்தில் ஏழு நிமிஷம். திரையில் தெரிவது ஓடுகிறவர்களின் கால், யாரோ குடித்துப் போட்ட பானகக் கப், ஒரு நாய். என் மூச்சுச் சத்தம் மட்டும் கோயிலுக்குக் கோயில் கனத்துக்கொண்டே போகும்.

நீங்கள் சொன்னதுபோலவே, கதை இல்லை, வசனம் இல்லை. ஆனால் பீமன் ஓடியிருந்தால் இப்படித்தான் மூச்சு வாங்கியிருப்பான். சடங்கிலிருந்து வேஷத்தையும் நிறத்தையும் எடுப்பது சுலபம். அதன் கணக்கை எடுக்க முடியுமா என்பதுதான் நான் செய்கிற பரிசோதனை. பாதி நேரம் தோற்றுப்போகிறேன்.

கேள்வி: சாமியாடுவது நடிப்புதானே? உங்களைப் போன்றவர்களாவது அதை ஒத்துக்கொள்ள வேண்டாமா?
– குலசேகரத்திலிருந்து ஒரு வாசகர்

என் பெரியப்பா எங்கள் ஊர்க் கோயிலில் கோமரத்தாடி, அதாவது சாமியாடுகிறவர். மற்ற நாட்களில் கொத்தனார். ஒருமுறை வெளியூரிலிருந்து ஒரு படக்குழு வந்து, "பகல் வெளிச்சத்தில் கொஞ்சம் ஆடிக்காட்டுங்க ஐயா" என்று கேட்டது. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அழகாக ஆடிக்காட்டினார். அவர்கள் சரியாக விழவில்லை என்றதும் மறுபடியும் ஆடினார். காசு வாங்கினார். நடிப்பு என்றால் அது. நன்றாகவே நடித்தார்.

கொடை ராத்திரி வேறு. வில்லு தெய்வத்தைப் பார்த்துத்தான் உட்கார்ந்திருக்கும். கதை ஓடி ஓடி, சாமியை வரவழைக்கிற வரத்துப் பாட்டு தொடங்கி, வில்லின் நாணில் அடிக்கிற வீசுகோலும் குடமும் உடுக்கும் வேகம் பிடிக்கும்போது நான் பெரியப்பாவின் முகத்தைப் பார்க்க மாட்டேன். வலது கால் பெருவிரலைப் பார்ப்பேன். அது மண்ணைக் கீற ஆரம்பிக்கும். பிறகு குதிகால். முகத்துக்கு வருவது கடைசியில்தான்.

முதல் வருஷம் நான் ஒரு எல்.இ.டி. லைட்டும் கேமராவும் வைத்து, கமிட்டியிடம் சொல்லிவிட்டு, முன்வரிசையில் ராஜா மாதிரி நின்றேன். நடுச்சாமம். சாமி வந்து இறங்கியது, ஒரு சுற்றுச் சுற்றியது, நேரே என்னிடம் வந்தது. மஞ்சணைக் (சாமிக்குச் சாத்துகிற மஞ்சள் குழம்பு) கிண்ணத்தில் கையை விட்டு, லென்ஸின் மேல் வைத்து ஒரு இழுப்பு. லைட்டையும் தட்டிவிட்டது. கூட்டம் குலவையிட்டது. எனக்குக் கேமராவை நிறுத்தக்கூடத் தோன்றவில்லை. அது பாட்டுக்கு 11 நிமிஷம் ஓடியிருக்கிறது: தீப்பந்தம் பக்கத்தில் வரும்போது சிவப்பு, விலகும்போது கறுப்பு, கூடவே முழுச் சத்தமும்.

அந்த 11 நிமிஷத்தில் வெட்டு ஒன்றும் போடாமல் அப்படியே படமாக்கினேன். ஒரு திரைப்பட விழாவில் இரண்டு நிமிஷம் ஓடியதும் கோளாறு என்று நினைத்துப் புரொஜக்டரை நிறுத்திவிட்டார்கள். எங்கள் ஊரில் பெட்ஷீட் கட்டிப் போட்டபோது யாரும் நிறுத்தவில்லை. சத்தத்தை வைத்தே, "இப்போ கிழக்கே போறாரு, இப்போ பந்தம் வாங்குறாரு" என்று எனக்குச் சொல்லிக்கொண்டே பார்த்தார்கள். பெரியப்பா மட்டும் இயர்போன் வாங்கித் தனியாக ஒருமுறை கேட்டார். "குடம் ஒரு அடி பிந்துது" என்றார். வேறொன்றும் சொல்லவில்லை.

எனக்கு முன்பே இந்த அடி வாங்கியவர் ஒருவர் உண்டு. மாயா டெரன். 1917இல் கீவ் நகரில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்தவர். அமெரிக்கப் பரிசோதனைப் படங்களைப் பற்றிப் பேசினால் முதலில் வருகிற பெயர்களில் ஒன்று. நடனத்தை வைத்து ஒரு படம் எடுக்கத்தான் 1947இல் ஹைட்டிக்குப் போனார். அங்கே வூடூ சடங்கில் தெய்வம் இறங்குகிற ஆளைக் குதிரை என்பார்கள், தெய்வம் ஏறிச் சவாரி செய்கிறதாம். நாம் சாமி ஏறியிருக்கு என்று சொல்கிறோமே, ஏறக்குறைய அதேதான். திரும்பத் திரும்பப் போனார், ஆயிரக்கணக்கான அடி பிலிம் எடுத்தார். படம் முடியவே இல்லை. 1953இல் ஒரு புத்தகம்தான் வந்தது. கலைஞராகத் தன் இஷ்டத்துக்கு வளைக்க வந்ததாகவும், கடைசியில் பணிந்து உள்ளதை உள்ளபடி குறித்துவைப்பதோடு நிறுத்திக்கொண்டதாகவும் அதன் முன்னுரையில் அவரே எழுதியிருக்கிறார். 1961இல் 44 வயதில் இறந்துபோனார். அந்தப் பிலிமைப் பிறகு வேறு இருவர்தான் தொகுத்துப் படமாக்கினார்கள்.

உங்கள் கேள்விக்கு நேரான பதில்: பெரியப்பாவுக்கு இரண்டும் தெரியும். எது எப்போது என்பதும் தெரியும். எனக்குத்தான் தெரியாமல் இருந்தது. இப்போதெல்லாம் கொடைக்குப் போனால் லைட் கொண்டுபோவதில்லை. பந்தலுக்குக் காலையிலேயே போய்த் தேங்காய் துருவுகிறேன், இலை போடுகிறேன். ராத்திரி கேமராவை எடுக்கலாம் என்று இருந்தால் எடுப்பேன். நாலு வருஷத்தில் இரண்டு தடவைதான் எடுத்தேன்.

கேள்வி: நீங்கள் நாத்திகரா, ஆத்திகரா?
– கடியபட்டணத்திலிருந்து ஒரு வாசகி

கொடைக்கு வரி கொடுக்கிறேன். உங்கள் ஊர்த் திருவிழாவுக்கும் வந்திருக்கிறேன், தேர் போகும்போது கும்பிட்டிருக்கிறேன். அதற்கு மேல் கேட்டால் எனக்கே குழப்பம்.

கேள்வி: வில்லுப்பாட்டு, தோல்பாவைக்கூத்து போன்ற அழிந்துவரும் கலைகளைப் படம்பிடித்துக் காப்பாற்றும் உங்கள் தொண்டைப் பாராட்டுகிறேன். அரசு இதற்கு என்ன செய்ய வேண்டும்?
– நாகர்கோவிலிலிருந்து ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர்

பாராட்டுக்கு நன்றி சார். ஆனால் "அழிந்துவரும்" என்ற வார்த்தை எனக்கு ஆகாது. சித்திரை, வைகாசியில் பெயர் பெற்ற ஒரு வில்லுக் குழுவைக் கூப்பிட்டுப் பாருங்கள், தேதி கிடைக்காது. பெண்கள் தலைமைப் பாடகியாக உட்கார்ந்து வீசுகோல் வீசுகிற குழுக்களுக்கு இன்னும் கிராக்கி. அழிகிறது என்றால் அது ஒன்றுதான்: நேரம். விடிய விடியப் பாடிய கதையை, "ஒன்பதரைக்கு முடிச்சிருங்க, சிங்காரி மேளம் வரணும்" என்று கமிட்டி சொல்கிறது. நீலி பிறந்து, செத்து, திரும்பப் பிறந்து, பழிவாங்கி முடிக்க ஒன்றரை மணி நேரம். அவளும் பாவம்தான்.

மாறுவது புதிதும் இல்லை. ஒழுகினசேரியில் 1908இல் பிறந்த என். எஸ். கிருஷ்ணன் வில்லடித்துக் காந்தி கதை பாடினார். மாடன் கதைக்குப் பிறந்த வில்லில் காந்தியா என்று அன்றும் நாலு பேர் முணுமுணுத்திருப்பார்கள்.

தோல்பாவை விஷயம் வேறு, அங்கே கஷ்டம் நிஜம். வீட்டில் மராத்தி பேசி, திரைக்குப் பின்னால் தமிழில் ராமாயணம் நடத்துகிற சில குடும்பங்கள்தான் அதைச் செய்கின்றன. ஒரே ஆள் ராமனுக்கும் ராவணனுக்கும் கோமாளிகளான உச்சிக்குடும்பனுக்கும் உளுவத்தலையனுக்கும் குரல் கொடுத்து, பாவையும் ஆட்ட வேண்டும். ஒருமுறை எனக்குத் திரைக்குப் பின்னால் உட்கார இடம் கிடைத்தது. ஆட்டுத்தோல் பாவை, அதில் பொடிப் பொடியாகத் துளைகள். முன்பெல்லாம் எண்ணெய் விளக்கு. விளக்குச் சுடர் ஆடுவதால் பாவையைச் சும்மா பிடித்திருந்தாலே நிழல் மூச்சு விடும். இப்போது பல்பு. பல்பு வெளிச்சம் அசையாது, அதனால் பாவையை இன்னும் கொஞ்சம் அதிகமாக ஆட்ட வேண்டியிருக்கிறது. அந்தப் பெரியவரின் மணிக்கட்டு ஒரு நொடி சும்மா இருக்கவில்லை. உட்கார்ந்திருக்கிற சீதை கூட லேசாக நடுங்கிக்கொண்டே இருந்தாள். ஒரு பல்பு ஒரு மனுஷன் மணிக்கட்டை இப்படி மாற்றிவிட்டது. நான் படம் எடுத்தால் அந்த மணிக்கட்டை எடுப்பேன்.

காப்பாற்றும் வேலை என்னுடையது இல்லை சார். என் படத்தால் ஒரு குழுவுக்கு ஒரு கொடை கூடியதாகச் சரித்திரம் கிடையாது. அரசு என்ன செய்ய வேண்டும் என்று அவர்களிடம்தான் கேட்க வேண்டும். நான் கேட்டவரைக்கும் அவர்கள் முதலில் சொல்வது பென்ஷன்.

கேள்வி: இதற்கெல்லாம் பணம் எங்கிருந்து வருகிறது?
– கருங்கல்லிலிருந்து ஒரு வாசகர்

கல்யாணத்திலிருந்து. மாப்பிள்ளை வீட்டுக்காரர்கள்தான் என் தயாரிப்பாளர்கள், அது அவர்களுக்குத் தெரியாது.

பக்கத்துக் கேரளத்தில் இயக்குநர் ஜான் ஆபிரகாமும் நண்பர்களும் 1984இல் ஒடேசா என்று ஒரு கூட்டமைப்பு தொடங்கி, ஊர் ஊராக மக்களிடம் காசு பிரித்து 1986இல் ஒரு முழுநீளப் படத்தையே எடுத்துவிட்டார்கள். அதைக் கேள்விப்பட்டு நானும் எங்கள் ஊரில் ஒரு நோட்டுப் புத்தகத்தோடு இறங்கினேன். கிடைத்தது 4,350 ரூபாய், இரண்டு சாக்குத் தேங்காய், ஒரு ஆட்டுக்கிடா. கிடா ஏற்கெனவே மாடனுக்கு நேர்ந்துவிட்டது என்று மறுநாள் தெரிந்ததும் திருப்பிக் கொண்டுபோய்க் கட்டினேன். தேங்காயை விற்று மைக் வாங்கினேன். அந்த மைக்தான் இன்றைக்கும் ஓடுகிறது.

கேள்வி: பிளஸ் டூ முடித்த என் மகள் உங்களைப் போலப் படம் எடுக்கப் போகிறேன் என்று நிற்கிறாள். என்ன கேமரா வாங்கிக் கொடுக்கலாம்? முதலில் எதை எடுக்கச் சொல்லலாம்?
– அருமனையிலிருந்து ஒரு அப்பா

கேமரா வாங்காதீர்கள் அண்ணா. வீட்டில் இருக்கிற போன் போதும். நல்ல மைக் ஒன்று வாங்கிக் கொடுங்கள். படம் ஆடலாம், மங்கலாம், மஞ்சணை பூசிக்கொள்ளலாம். சத்தம் போனால் போனதுதான்.

ஒரு வருஷம் கொடைக்கு வெறுங்கையோடு போகச் சொல்லுங்கள். யார் எங்கே நிற்கிறார்கள், எந்த நேரத்தில் யார் வெளியே போய் வெள்ளம் குடிக்கிறார்கள், சாமி இறங்கியதும் யார் ஓடிப்போய்ப் பின்னால் பிடிக்கிறார்கள் என்று பார்க்கட்டும். எங்கள் ஊரில் பெரியப்பாவைப் பின்னால் தாங்குவதற்கென்றே ஒரு மாமா இருக்கிறார், 30 வருஷமாக அதே வேலை. எந்தப் படத்திலும் அவர் இல்லை. என் படத்திலும் இல்லை.

ஒருவரைப் பதிவு செய்தால் கேட்டுவிட்டுச் செய்யட்டும். வில்லுக்காரருக்குத் தட்சிணை வைக்கட்டும், பத்து ரூபாயானாலும் வெற்றிலையோடு. "எதுக்காக்கும் எடுக்கிய பிள்ளே?" என்று கேட்பார்கள். அவள் என்ன பதில் சொன்னாள் என்று எனக்கு ஒரு கடிதம் போடச் சொல்லுங்கள். என்னிடம் கேட்கிறவர்களுக்கு நான் ஒவ்வொரு தடவையும் ஒவ்வொன்று சொல்லிக்கொண்டிருக்கிறேன்.